இடமாற்ற ஆணைகளும் முன்தீர்ப்புகளும்: எது கட்டுப்படுத்தும், எது கட்டுப்படுத்தாது?

(தொழிற்சங்க முன்னணி ஊழியர்களுக்கான சட்ட வகுப்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)



2015 ஜனவரியில், மத்தியப் பிரதேச மாநிலம் தேவாஸ் நகரிலுள்ள காப்பாரோ இன்ஜினியரிங் ஆலையின் தொழிலாளர்கள் ஒன்பது பேருக்கு இடமாற்ற ஆணைகள் வழங்கப்பட்டன. அவர்கள் செல்ல வேண்டிய இடம் ராஜஸ்தானின் அல்வார் மாவட்டத்தில் அப்போது இருந்த சோபன்கி. தேவாஸிலிருந்து சுமார் 900 கிலோமீட்டர். இருபத்தைந்து, முப்பது ஆண்டுகள் ஒரே ஊரில் உழைத்து, பணிக்காலத்தின் இறுதிக் கட்டத்தில் நின்றவர்கள் அவர்கள். இடமாற்றம் என்பது பணியின் இயல்பான கூறு, அதில் நீதிமன்றம் தலையிடலாகாது என்பதே நிர்வாகத்தின் வாதம். அந்த வாதம் தொழிலாளர் நீதிமன்றத்தில் தோற்றது, உயர்நீதிமன்றத்தில் தோற்றது, 2021 அக்டோபர் 26 அன்று உச்சநீதிமன்றத்திலும் தோற்றது.

இதே வாதம் வேறு எத்தனையோ வழக்குகளில் வென்றிருக்கிறது. தொழிற்சங்கச் செயலாளரையோ துடிப்பான கிளை உறுப்பினரையோ தொலைதூரத்திற்குத் தூக்கியெறியும் ஒவ்வொரு நிர்வாகமும், நீதிமன்றத்தில் நுழையும்போது ஒரு தீர்ப்புக் கட்டைக் கையில் ஏந்தி வருகிறது. உச்சநீதிமன்றமே சொல்லிவிட்டது என்ற ஒற்றை வரியைக் கேட்டதும் பல தோழர்கள் நம்பிக்கை இழந்துவிடுகின்றனர். உச்சநீதிமன்றம் எதைச் சொன்னது, யாருடைய வழக்கில் சொன்னது, எந்தச் சட்டத்தின் கீழ் சொன்னது என்ற மூன்று கேள்விகளைக் கேட்காமல் எந்தத் தீர்ப்பையும் ஏற்கவும் கூடாது, அஞ்சவும் கூடாது. இந்த உரையின் சாரம் அவ்வளவே.

சொல்லிலேயே ஒளிந்திருக்கும் அரசியல்

அரசு ஆணைகளில் வழங்கும் சொல் 'பணியிட மாறுதல்'. மாறுதல் என்பது தன்வினை. மழை மாறுவது போல, பருவம் மாறுவது போல, ஊழியர் தாமாகவே மாறிவிட்டார் என்ற தோற்றத்தை அச்சொல் தருகிறது. உண்மையில் நடப்பது பிறவினை. ஒருவர் மாற்றப்படுகிறார், மாற்றுகிறவர் வேறொருவர். ஆகவே ஒவ்வோர் ஆணையிலும் மாற்றுகிறவர் யார், அவருக்கு அந்த அதிகாரம் எங்கிருந்து வந்தது என்று கேட்பதே முதல் பாடம். அரசு ஊழியருக்கு அது பணி விதிகளிலிருந்து வருகிறது. ஆலைத் தொழிலாளிக்கு நியமன ஆணையிலிருந்தும் நிலையாணைகளிலிருந்தும் வருகிறது. அங்கெல்லாம் இல்லையென்றால் அந்த அதிகாரமே இல்லை.

இதை 1960ஆம் ஆண்டிலேயே உச்சநீதிமன்றம் குந்தன் சர்க்கரை ஆலை வழக்கில் தெளிவுபடுத்தியது. உத்தரப் பிரதேசத்தின் அம்ரோஹாவில் இயங்கிய ஆலையில் வேலைக்குச் சேர்ந்த நான்கு தொழிலாளர்களை, பின்னர் அதே உரிமையாளர்கள் புலந்த்ஷகரில் தொடங்கிய வேறோர் ஆலைக்குச் செல்லுமாறு நிர்வாகம் பணித்தது. அவர்கள் மறுத்தனர், பணிநீக்கம் செய்யப்பட்டனர். அவர்கள் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் இரண்டாவது ஆலையே கிடையாது. எனவே அங்கு மாற்றும் உரிமை வேலை ஒப்பந்தத்தில் வெளிப்படையாகவோ உள்ளுறையாகவோ இருந்திருக்க முடியாது என்று நீதிமன்றம் கூறித் தொழிலாளர்களின் பக்கம் நின்றது.

இந்தத் தீர்ப்பை எல்லா இடங்களிலும் நீட்டிவிட முடியாது என்பதையும் உடனே சொல்லியாக வேண்டும். 1998இல் சிப்லா நிறுவன வழக்கில் ஊழியரின் நியமன ஆணையிலேயே இடமாற்ற நிபந்தனை இருந்தது. இடமாற்றம் செல்லும் என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. இவ்விரு தீர்ப்புகளுக்கும் இடையே முரண்பாடு இல்லை. வேறுபட்ட ஒப்பந்தங்கள், வேறுபட்ட முடிவுகள். முன்தீர்ப்பைப் படிக்கும் கலை இங்குதான் தொடங்குகிறது.

நிர்வாகங்கள் காட்டும் தீர்ப்புகளின் மறுபக்கம்

நிர்வாகத் தரப்பு வழக்கமாக முன்வைக்கும் நான்கு தீர்ப்புகளை எடுத்துக்கொள்வோம்.

முதலாவது, 1986ஆம் ஆண்டின் வரதராவ் எதிர் கர்நாடக அரசு வழக்கு. இடமாற்றம் அரசுப் பணியின் இயல்பான கூறு என்ற வரி பெரும்பாலும் இதிலிருந்தே எடுத்தாளப்படுகிறது. ஆனால் அதே தீர்ப்பு, அடிக்கடி, காலமற்ற காலத்தில், காரணமின்றிச் செய்யப்படும் இடமாற்றங்கள் ஓர் ஊழியரின் குடும்பத்தையே வேரோடு பிடுங்கிவிடும் என்றும், பிள்ளைகளின் படிப்பைக் குலைக்கும் என்றும் கண்டித்திருக்கிறது. நிர்வாகங்கள் முதல் பாதியைப் படித்துக் காட்டும். மறுபாதியைத் தொழிற்சங்கம்தான் படித்துக் காட்ட வேண்டும்.

இரண்டாவது, 1991ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் வெளியான ஷில்பி போஸ் எதிர் பிகார் அரசு வழக்கு. கட்டாயத் தன்மையுள்ள சட்டவிதி மீறப்பட்டாலோ தீயநோக்கு இருந்தாலோ அன்றி இடமாற்றத்தில் நீதிமன்றம் தலையிடக் கூடாது என்ற கருத்துக்கு இதுவே மேற்கோள். இவ்வழக்கின் உண்மைகளைப் பலர் படிப்பதில்லை. கணவர் பணிபுரியும் ஊருக்கே தங்களை மாற்றுமாறு கேட்டுக்கொண்ட தொடக்கப்பள்ளி ஆசிரியைகளுக்கு அரசு இடமாற்றம் அளித்தது. அதனால் இடம்பெயர நேர்ந்த மற்ற ஆசிரியர்கள் வழக்குத் தொடுத்தனர். உயர்நீதிமன்றம் இடமாற்றங்களை ரத்து செய்தது. உச்சநீதிமன்றம் ஆசிரியைகளுக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்தது. குடும்பத்தை ஒன்றுசேர்த்த ஓர் இடமாற்றத்தைக் காப்பாற்றிய தீர்ப்பு இன்று குடும்பத்தைப் பிரிக்கும் இடமாற்றங்களுக்கு அரணாகக் காட்டப்படுகிறது! அதன் சட்டவிதி செல்லாது என்று கூற முடியாது. அது பின்னாளிலும் பின்பற்றப்பட்டுள்ளது. எனினும் அத்தீர்ப்பே இரண்டு கதவுகளைத் திறந்து வைத்திருக்கிறது: சட்டவிதி மீறல், தீயநோக்கு.

மூன்றாவது, 1993ஆம் ஆண்டின் இந்திய ஒன்றியம் எதிர் அப்பாஸ் வழக்கு. ஷில்லாங்கில் பணியாற்றிய ஒன்றிய அரசு ஊழியர் ஒருவர் உத்தரப் பிரதேச மலைப்பகுதியிலிருந்த பவுரிக்கு மாற்றப்பட்டார். அவருடைய மனைவி ஷில்லாங்கில் பணியிலிருந்தார். கணவன் மனைவியை ஒரே ஊரில் பணியமர்த்துவது குறித்த அரசின் வழிகாட்டு நெறிகள் சட்டப்படி வலியுறுத்தத்தக்க உரிமையைத் தருவதில்லை என்று நீதிமன்றம் கூறியது. வழிகாட்டு நெறி வேறு, சட்டவிதி வேறு என்ற பாடத்தை அரசு ஊழியர் சங்கங்கள் இதிலிருந்து கற்க வேண்டும். சுற்றறிக்கையாக நிற்கும் சலுகையை விதியாக மாற்றுவதற்கான போராட்டம் எவ்வளவு இன்றியமையாதது என்பதையும் இத்தீர்ப்பு காட்டுகிறது. 2022இல் சுங்கம் மற்றும் மறைமுக வரித்துறை ஊழியர்கள் தொடர்பான வழக்கில் உச்சநீதிமன்றம் அரசின் கொள்கையை ரத்து செய்யவில்லை. ஆயினும் குடும்ப வாழ்க்கை, பெண் ஊழியர்கள் மற்றும் மாற்றுத்திறனாளிகளின் நிலை ஆகியவற்றைக் கருத்தில் கொண்டு கொள்கையை மறுபரிசீலனை செய்ய வழிவிட்டது.

நான்காவது, 1989ஆம் ஆண்டின் குஜராத் மின்வாரிய வழக்கு. இதை ஒவ்வொரு தோழரும் மனத்தில் பதித்துக்கொள்ள வேண்டும். சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்ட ஊழியர், ஆணையை மறுபரிசீலனை செய்யுமாறு மனு அளித்துவிட்டுப் புதிய இடத்தில் பணியேற்காமல் இருந்தார். வேலையையே இழந்தார். மனு நிலுவையில் இருப்பதாலேயே இடமாற்ற ஆணை நின்றுவிடாது. ஆணை நிறுத்தப்படாத வரை அதற்குக் கீழ்ப்படிந்தாக வேண்டும் என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. மனு கொடுத்தாயிற்று, பார்த்துக்கொள்ளலாம் என்று சொல்லும் சங்க நிர்வாகி, உறுப்பினரின் வேலையைப் பணயம் வைக்கிறார். தடையாணை பெற வேண்டும். அல்லது ஆட்சேபத்தைப் பதிவு செய்துவிட்டுப் பணியேற்று, வழக்கைத் தொடர வேண்டும். எந்த வழி என்பதைச் சட்ட ஆலோசனையுடன் ஓரிரு நாட்களுக்குள் முடிவு செய்தாக வேண்டும்.

எது கட்டுப்படுத்தும்?

அரசமைப்புச் சட்டத்தின் 141ஆவது பிரிவின்படி, உச்சநீதிமன்றம் அறிவிக்கும் சட்டம் இந்தியாவின் எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும். இங்கு 'அறிவிக்கும் சட்டம்' என்பதே திறவுகோல். தீர்ப்பிலுள்ள ஒவ்வொரு வாக்கியமும் சட்டம் ஆகிவிடாது. வழக்கின் உண்மைகளின்மீது முடிவு எடுக்க எந்தக் காரணம் இன்றியமையாததாக இருந்ததோ அந்தக் காரணமே கட்டுப்படுத்தும். போகிற போக்கில் சொல்லப்பட்ட கருத்துக்கு அந்த வலு இல்லை. ஒரு தீர்ப்பு தான் உண்மையில் எதை முடிவு செய்ததோ அதற்கு மட்டுமே ஆதாரம் என்பதை 1968ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் வெளியான ஒரிசா அரசு வழக்கில் உச்சநீதிமன்றம் வலியுறுத்தியது. நீதித்துறை அலுவலர்களை யார் இடமாற்றுவது என்று உயர்நீதிமன்றத்திற்கும் மாநில அரசுக்கும் இடையே எழுந்த தகராறே அந்த வழக்கு. முன்தீர்ப்பின் எல்லையை வரையறுத்த தீர்ப்பே இடமாற்றம் பற்றியதுதான்!

அடுத்தது, அமர்வின் அளவு. ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வின் தீர்ப்பு மூவர் அமர்வையும், மூவர் அமர்வின் தீர்ப்பு இருவர் அமர்வையும் கட்டுப்படுத்தும். சிறிய அமர்வுக்கு ஐயம் எழுந்தால், பெரிய அமர்வின் முன் வைக்குமாறு தலைமை நீதிபதியைக் கோரலாம். தானாக மாறுபட முடியாது. இது 2004இல் தாவூதி போரா சமூக வழக்கில் அரசமைப்பு அமர்வு வகுத்த நெறி. இரு தீர்ப்புகள் மோதும்போது தேதியை மட்டும் பார்த்துப் பிந்தியதே செல்லும் என்று முடிவு கட்டுவது தவறு.

உயர்நீதிமன்றத் தீர்ப்பு அதன் ஆட்சி எல்லைக்குட்பட்ட தீர்ப்பாயங்களையும் அதிகாரிகளையும் கட்டுப்படுத்தும் என்பது 1962ஆம் ஆண்டின் கிழக்கிந்திய வணிகக் கம்பெனி வழக்கில் நிலைநாட்டப்பட்டது. பம்பாய் உயர்நீதிமன்றத் தீர்ப்பு மகாராஷ்டிரத்தின் தொழிலாளர் நீதிமன்றத்தைக் கட்டுப்படுத்தும். கர்நாடக உயர்நீதிமன்றத்தைக் கட்டுப்படுத்தாது. அங்கு அது ஏற்கத்தக்க கருத்தாக மட்டுமே முன்வைக்கப்படலாம். பல மாநிலங்களில் கிளைகள் கொண்ட நிறுவனங்களின் ஊழியர்கள் இதை மறக்கக் கூடாது.

எது கட்டுப்படுத்தாது?

முதலாவதாக, சிறப்பு அனுமதி மனு காரணம் கூறப்படாமல் தள்ளுபடி செய்யப்பட்டால், அதனால் உயர்நீதிமன்றத் தீர்ப்பை உச்சநீதிமன்றம் சட்டமாக அறிவித்துவிட்டது என்று பொருளாகாது. 2000ஆம் ஆண்டில் கேரளத்திலிருந்து வந்த குஞ்ஞயம்மது வழக்கில் இது தெளிவுபடுத்தப்பட்டது. உச்சநீதிமன்றம் வரை போய் உறுதியாகிவிட்டது என்று நிர்வாக வழக்கறிஞர் சொன்னால், எந்த ஆணையால், என்ன காரணம் கூறி என்று கேட்க வேண்டும்.

இரண்டாவதாக, இடைக்கால ஆணைகளும், இரு தரப்பின் சம்மதத்தின்பேரில் பிறப்பிக்கப்பட்ட ஆணைகளும் முன்தீர்ப்புகள் ஆகா. இடமாற்ற வழக்குகளில் மிகப் பல, ஊழியரின் மனுவைக் குறித்த காலத்திற்குள் பரிசீலிக்குமாறு உத்தரவிட்டு முடிக்கப்படுபவை. அவற்றில் எந்தச் சட்டக் கேள்வியும் தீர்க்கப்படுவதில்லை. வாதிக்கப்படாமலும் ஆராயப்படாமலும் கடந்து செல்லப்பட்ட கருத்துக்குக் கட்டுப்படுத்தும் வலு இல்லை என்பதை 1988இல் தில்லி மாநகராட்சி தொடர்பான வழக்கில் உச்சநீதிமன்றம் விளக்கியது.

மூன்றாவதாக, 142ஆவது பிரிவின் கீழ் முழுமையான நீதி வழங்குவதற்காகக் குறிப்பிட்ட வழக்கில் பிறப்பிக்கப்படும் தனி உத்தரவு, அடுத்த வழக்குக்குத் தானாகப் பொருந்தாது. இது தொழிலாளருக்குச் சாதகமான உத்தரவுகளுக்கும் பொருந்தும் என்பதால், சொந்த மேற்கோள்களையும் இதே தராசில் நிறுத்துப் பார்க்க வேண்டும்.

நான்காவதாக, அரசு ஊழியரின் வழக்கில் பிறந்த நெறியை ஆலைத் தொழிலாளிக்கு அப்படியே பொருத்த முடியாது. இங்குதான் தேவாஸ் தீர்ப்பின் பெறுமதி விளங்குகிறது.

தேவாஸ் சொல்லும் பாடம்

தேவாஸில் அந்த ஒன்பது பேரும் தொழிலாளர்கள். சோபன்கியில் அவர்களுக்குக் காத்திருந்ததோ மேற்பார்வைப் பணி. பதவி உயர்வு போலத் தோன்றும் இந்த ஏற்பாட்டின் உட்பொருள் வேறு. மேற்பார்வையாளர் ஆனதும் சட்டத்தின் பார்வையில் 'தொழிலாளி' என்ற தகுதி போய்விடும். தொழில் தகராறுகள் சட்டத்தின் பாதுகாப்பும் போய்விடும். அதோடு தேவாஸ் ஆலையில் தொழிலாளர் எண்ணிக்கை ஒன்பது குறையும். 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தின் 9ஏ பிரிவும் நான்காம் அட்டவணையும், இவ்வகைப் பணி நிலைமை மாற்றங்களுக்கு 21 நாள் முன்னறிவிப்பைக் கட்டாயமாக்கியிருந்தன. அந்த அறிவிப்பு தரப்படவில்லை. இடமாற்றம் என்ற பெயரில் நடந்தது பணியின் தன்மையையே மாற்றியது என்று நீதிமன்றங்கள் கண்டன. தூரம், வயது, நீண்டகாலப் பணி ஆகியவற்றையும் சேர்த்துப் பார்த்த உச்சநீதிமன்றம், அந்த ஆணைகளைத் தன்னிச்சையானவை, தீயநோக்குள்ளவை எனக் கண்டு, செல்லாதவை என்ற முடிவை உறுதி செய்தது.

இடமாற்றம் பணியின் இயல்பான கூறு என்ற நெறியை இத்தீர்ப்பு தூக்கியெறிந்துவிடவில்லை. பெயர் இடமாற்றமாக இருந்தாலும் பொருள் பணிநிலை மாற்றமாக இருந்தால் வேறு சட்டம் பேசும் என்பதே அதன் அடிப்படைக் காரணம். இதே பொருளை மையமாக வைத்து வழக்கை அமைக்கும் சங்கமே இத்தீர்ப்பைப் பயன்படுத்த முடியும். ஒரே வேலை, ஒரே தகுதி, பக்கத்து ஊர் என்றிருக்கும் இடமாற்றத்திற்கு இதை மேற்கோளாகக் காட்டினால், நிர்வாகத் தரப்பு எளிதில் வேறுபடுத்திக் காட்டிவிடும்.

அரசு ஊழியருக்கும் தீயநோக்கு என்ற கதவு உண்டு. 2008 டிசம்பரில் தீர்க்கப்பட்ட சோமேஷ் திவாரி வழக்கில், பெயரில்லாப் புகார் ஒன்றின் அடிப்படையில் ஒரு வரித்துறை அலுவலர் மாற்றப்பட்டார். விசாரணையில் புகாருக்கு ஆதாரம் கிடைக்கவில்லை. தண்டனைக்குப் பதிலாகப் பிறப்பிக்கப்பட்ட அந்த இடமாற்றம் சட்டத்தின் கண்ணில் தீயநோக்குடையது என்று உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. அதிகாரியின் தனிப்பட்ட பகையை நிரூபித்தாக வேண்டியதில்லை. அதிகாரம் வழங்கப்பட்ட நோக்கத்துக்குப் புறம்பாகப் பயன்படுத்தப்பட்டது என்று காட்டினாலும் போதும்.

புதிய தொகுப்பு, பழைய தீர்ப்புகள்

2025 நவம்பர் 21 அன்று ஒன்றிய அரசு நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளையும் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. பழைய சட்டத்தின் கீழ் பிறந்த தீர்ப்புகள் இனி என்னவாகும் என்ற கேள்வி எல்லா இடங்களிலும் எழுகிறது. சொற்கள் மாறாத இடத்தில் பழைய தீர்ப்பின் காரணம் தொடரும். சொற்கள் மாறிய இடத்தில் ஒவ்வொன்றையும் ஒப்பிட்டுப் பார்த்தாக வேண்டும்.

பணிநிலை மாற்றத்துக்கான முன்னறிவிப்பு, தொழில் உறவுகள் தொகுப்பின் 40ஆவது பிரிவிலும் மூன்றாம் அட்டவணையிலும் இடம்பெறுகிறது. நிர்வாகக் கொள்கை என்ற போர்வையில் தொழிலாளியைத் தீயநோக்குடன் இடமாற்றுவது, 1982 திருத்தத்தால் பழைய சட்டத்தின் ஐந்தாம் அட்டவணையில் நேர்மையற்ற தொழிலாளர் நடைமுறையாகச் சேர்க்கப்பட்டது. புதிய தொகுப்பின் இரண்டாம் அட்டவணையிலும் அது இருக்கிறது. சமரசப் பேச்சு நிலுவையில் இருக்கும்போது, அந்தத் தகராறு தொடர்பான பணிநிலைகளைத் தொழிலாளர்களுக்குப் பாதகமாக மாற்றுவதற்கான தடை 90ஆவது பிரிவில் உள்ளது.

பறிபோனதையும் மறைக்கக் கூடாது. நிலையாணைகள் பற்றிய 1946ஆம் ஆண்டுச் சட்டம் 100 தொழிலாளர்கள் உள்ள நிறுவனங்களுக்குப் பொருந்தியது. புதிய தொகுப்பு அந்த எல்லையை 300ஆக உயர்த்திவிட்டது. இடைப்பட்ட ஆலைகளில் இனி சேருவோருக்கு, முதலாளி எழுதித் தரும் நியமன ஆணையின் ஒற்றை வரியே இடமாற்றத்தின் சட்டமாகிவிடும் ஆபத்து இருக்கிறது. அந்த ஆணையில் கையெழுத்திடும் நாளில் எந்த இளம் தொழிலாளியும் அந்த வரியை எதிர்த்து வாதாடும் நிலையில் இல்லை. குந்தன் ஆலைத் தொழிலாளர்கள் பெற்ற பாதுகாப்பு சத்தமின்றிக் கரைவது இவ்வழியில்தான்.

கிளைகளின் கடமை

தீயநோக்கை நிரூபிக்கும் சுமை அதைக் குற்றம் சாட்டுபவரையே சேரும். மேடையில் பழிவாங்கல் என்று முழங்குவது நீதிமன்றத்தில் சான்றாகாது. தேதிகள் சான்றாகும். சங்கம் தொடங்கப்பட்டதை நிர்வாகத்துக்குத் தெரிவித்த கடிதத்தின் தேதி, கோரிக்கைப் பட்டியல் தந்த தேதி, சமரச அதிகாரியின் முன் பேச்சு நடந்த தேதி, இடமாற்ற ஆணையின் தேதி ஆகிய நான்கையும் அடுத்தடுத்து வைத்தால், அவையே பேசும். மாற்றப்பட்டவரின் இடத்தில் ஒப்பந்தத் தொழிலாளி அமர்த்தப்பட்டாரா, புதிய இடத்தில் காலிப் பணியிடம் உண்மையில் இருந்ததா, அவரைவிட இளையவர் ஏன் விடுபட்டார் என்பவற்றையும் எழுத்தில் திரட்ட வேண்டும். தனிப்பட்ட அதிகாரியின்மீது பகைமையைச் சாட்டினால், அவரைப் பெயர் குறிப்பிட்டு வழக்கில் தரப்பினராகச் சேர்க்க வேண்டும்.

எங்கு செல்வது என்பதிலும் கவனம் தேவை. ஒன்றிய அரசு ஊழியருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். ஆலைத் தொழிலாளிக்குத் தொழில் தகராறு. தனியார் நிறுவன ஊழியர் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து இடமாற்றத்தைத் தடுக்க முடியாது என்று 2004இல் பியர்லைட் லைனர்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. மற்றொன்றும் உண்டு. பணிநீக்கம் செய்யப்பட்ட தொழிலாளி தனியாளாகவே தகராறு எழுப்பச் சட்டம் இடம் தருகிறது. இடமாற்றத்துக்கு அந்த வழி இல்லை. சங்கமோ சக தொழிலாளர்களோ அதைத் தங்கள் தகராறாக ஏற்றால்தான் அது தொழில் தகராறு ஆகும். அவருடைய பிரச்சினை என்று மற்றவர்கள் ஒதுங்கினால் சட்டமும் ஒதுங்கிவிடும். ஒற்றுமை இங்கே முழக்கமாக மட்டும் நிற்கவில்லை. வழக்கின் முதல் நிபந்தனையாகவே இருக்கிறது.

தேவாஸில் 2015 ஜனவரியில் வந்த ஆணைக்கு இறுதி விடை கிடைக்க 2021 அக்டோபர் ஆயிற்று. ஏறத்தாழ ஆறே முக்கால் ஆண்டுகள். நீதிமன்றத்தின் கடிகாரம் அப்படித்தான் ஓடும். அவ்வளவு காலம் ஒரு தொழிலாளியின் வீட்டில் அடுப்பெரிவதை எந்த முன்தீர்ப்பும் உறுதி செய்யாது. சங்கமும் சக தோழர்களும்தான் உறுதி செய்ய முடியும். அம்ரோஹாவின் நால்வரும் தேவாஸின் ஒன்பது பேரும் விட்டுக்கொடுத்திருந்தால், இந்த வகுப்பில் எடுத்துக்காட்டத் தீர்ப்புகளே இருந்திருக்கா. தொழிலாளருக்குச் சாதகமான ஒவ்வொரு முன்தீர்ப்பின் பின்னாலும் பணிய மறுத்த ஒரு தொழிலாளியும், அவரைத் தனித்துவிடாத ஓர் அமைப்பும் இருக்கின்றனர். அடுத்த இடமாற்ற ஆணை வரும் நாளில், அந்த அமைப்பு ஒவ்வொரு கிளையிலும் ஆயத்தமாக இருக்கட்டும்.